நிர்வாக நலன் கருதி

டிரான்ஸ்ஃபர் ஆர்டரை எதிர்த்துக் கோர்ட்டுக்குப் போகலாமா என்று கேட்டு மாதத்தில் இரண்டு பேராவது எனக்கு போன் செய்கிறார்கள். நான் வக்கீல் இல்லை, தமிழக அரசுத் துறை ஒன்றில் உதவியாளர். என் மாறுதல் ஆணையை எதிர்த்து உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளையில் ரிட் மனு போட்டு, ஏழு மாதம் கழித்து அதே அலுவலகத்துக்குத் திரும்பி வந்தவள் என்பதால் கேட்கிறார்கள். ஒவ்வொருவருக்கும் தனித்தனியாகச் சொல்வதை ஒரே இடத்தில் எழுதி வைத்துவிடலாம் என்று இன்று உட்கார்ந்தேன். முதலிலேயே சொல்லிவிடுகிறேன், மாறுதலை எதிர்த்துப் போடுகிற வழக்குகளில் பெரும்பாலானவை நிற்பதில்லை. என்னுடையது நின்றதற்குக் காரணம் என் கஷ்டம் கிடையாது, கையில் கிடைத்த இரண்டு காகிதங்கள்.

நடந்தது இதுதான். நான் கணக்குப் பிரிவில் இருந்தேன். ஒரு வேலைக்கான பட்டியல் என் மேஜைக்கு வந்தது, எம்.புக்கில், அதாவது செய்த வேலையின் அளவைப் பதிகிற புத்தகத்தில், அளவு ஏறவே இல்லை. "அளவுப் புத்தகத்தில் பதிவு இல்லாததால் பட்டியலைத் திருப்பி அனுப்பலாம்" என்று குறிப்பு எழுதி மேலே அனுப்பினேன். வாயால் இரண்டு பேர் வந்து சொல்லிப் பார்த்தார்கள், நான் குறிப்பை மாற்றவில்லை. மூன்று வாரத்தில் என்மேல் ஒரு மொட்டைப் பெட்டிஷன் வந்திருக்கிறது என்று காற்றுவாக்கில் காதில் விழுந்தது. ஒப்பந்ததாரர்களிடம் நான் பணம் வாங்குகிறேன் என்று அதில் இருந்ததாம். என்னை யாரும் கூப்பிட்டு ஒரு வார்த்தை கேட்கவில்லை. மெமோ இல்லை, ஒழுங்கு நடவடிக்கை விதிகளின்படி வருகிற 17(ஏ) இல்லை, 17(பி) குற்றச்சாட்டு இல்லை. அப்புறம் நவம்பரில் ஒரு வெள்ளிக்கிழமை சாயங்காலம் 5.40க்கு, பையை எடுத்துக்கொண்டு கிளம்பப் போகிற நேரத்தில், அலுவலக உதவியாளர் தம்பி ஒரு தாளைக் கொண்டுவந்து மேஜையில் வைத்தான். "அக்கா, இதுல ஒரு கையெழுத்து" என்றான். அவன் என் முகத்தைப் பார்க்கவில்லை, மேஜைமேல் இருந்த என் டிபன் டப்பாவையே பார்த்துக்கொண்டு நின்றான்.

ஒரே பக்க ஆணை. நிர்வாக நலன் கருதி மாறுதல் செய்யப்படுகிறார். இன்று பிற்பகல் பணியிலிருந்து விடுவிக்கப்படுகிறார். புதிய இடம் 172 கிலோமீட்டர். என் மகன் அப்போது பத்தாம் வகுப்பு. மாமியாருக்கு வாரத்தில் இரண்டு நாள் டயாலிசிஸ், கூட்டிக்கொண்டு போகிற ஆள் நான்தான்.

ஏன் வெள்ளிக்கிழமை, ஏன் 5.40, ஏன் அதே நாளில் விடுவிப்பு என்பது எனக்கு அப்போது புரியவில்லை. இப்போது புரிகிறது. மாறுதல் ஆணை கையில் வந்து, இன்னும் விடுவிக்கப்படாமல் இருக்கிற ஊழியர் கோர்ட்டுக்குப் போனால், தற்போதைய நிலையே தொடரட்டும் என்று ஒரு இடைக்கால உத்தரவு கிடைக்க ஓரளவு வாய்ப்பு உண்டு. விடுவித்தாகிவிட்டது, அந்த இடத்தில் வேறு ஆளும் வந்து உட்கார்ந்தாகிவிட்டது என்றால் தடை விதிக்க என்ன மிச்சம் இருக்கிறது? சனி, ஞாயிறு கோர்ட் கிடையாது. திங்கட்கிழமை வக்கீலைப் பார்ப்பதற்குள் எல்லாம் முடிந்த கதை.

அன்று இரவு சங்கத்து அண்ணன் ஒருவருக்கு போன் போட்டேன். மெடிக்கல் லீவு போட்டுவிட்டுக் கோர்ட்டுக்குப் போகிறேன் என்றேன். "அந்தத் தப்பை மட்டும் பண்ணாதம்மா. திங்கட்கிழமை முதல் பஸ்ஸில் போய்ச் சேர்ந்துடு. சண்டையை அங்க இருந்து போடலாம்" என்றார். எனக்குக் கோபம் வந்தது. போய்ச் சேர்ந்தால் ஆணையை ஏற்றுக்கொண்ட மாதிரி ஆகாதா? அவர் பொறுமையாக ஒரு வழக்கைச் சொன்னார். குஜராத் மின்சார வாரிய ஊழியர் ஒருவரை சூரத்திலிருந்து உகாய்க்கு மாற்றினார்கள். அவர் மனு மேல் மனு கொடுத்துக்கொண்டே இருந்தார், போய்ச் சேரவில்லை. கடைசியில் வேலையே போயிற்று. 1989இல் உச்ச நீதிமன்றம் வாரியத்தின் பக்கம்தான் நின்றது. குறை இருந்தால் மனு கொடுக்கலாம், ஆணை நிறுத்தி வைக்கப்படாத வரைக்கும் போய்ச் சேர்ந்தே ஆக வேண்டும், மனு கொடுத்திருக்கிறேன் என்பது சேராமல் இருப்பதற்குக் காரணம் ஆகாது என்று அந்தத் தீர்ப்பு சொல்கிறது. மாறுதல் வழக்கு போடுகிற எல்லாரும் அரசு வழக்கறிஞர் வாயிலிருந்து கேட்கப் போகிற முதல் வழக்கு இது.

திங்கட்கிழமை போய்ச் சேர்ந்தேன். சேர்ந்த அறிக்கையில் அண்ணன் சொன்னபடி ஒரு வரி சேர்த்தேன்: "இம்மாறுதலை எதிர்க்கும் என் உரிமைக்குப் பாதகமின்றிப் பணியில் சேர்கிறேன்." அந்த வரியை அங்கிருந்த கண்காணிப்பாளர் இரண்டு முறை படித்துவிட்டு ஒன்றும் சொல்லாமல் முத்திரை போட்டார். நகலில் தேதியுடன் கையெழுத்தும் வாங்கிக்கொண்டேன்.

வக்கீல் மேடம் ஆபீஸுக்குப் போனது அதற்கடுத்த சனிக்கிழமை. நான் மகனின் பரீட்சை, மாமியாரின் டயாலிசிஸ், வீட்டுக்காரர் ஷிப்ட் என்று எல்லாவற்றையும் அரை மணி நேரம் சொல்லி முடிக்கும்வரை பேனாவைக் கீழே வைத்துவிட்டுக் கேட்டார்கள். அப்புறம், "இதை மனுவில் ஒரு பாரா எழுதுறேன். ஆனா இதை வச்சு ஜெயிக்க முடியாதுங்க" என்றார்கள். அப்புறம் கேட்டது மூன்று கேள்விகள்தான். ஆணை போட்ட அதிகாரிக்கு என்னை மாற்ற அதிகாரம் இருக்கிறதா? ஏதாவது சட்டப்பூர்வ விதி மீறப்பட்டிருக்கிறதா? உள்நோக்கம் என்றால், அதைக் காட்டக் காகிதம் இருக்கிறதா?

இந்த மூன்றும் எங்கிருந்து வருகின்றன என்பதை அதற்குப் பிறகு நானே தேடிப் படித்தேன். ஷில்பி போஸ் எதிர் பீகார் அரசு என்று 1991 தொகுப்பில் ஒரு தீர்ப்பு இருக்கிறது. கட்டாய விதி மீறல் அல்லது கெட்ட உள்நோக்கம், இந்த இரண்டு காரணம் இல்லாமல் மாறுதலில் நீதிமன்றம் தலையிடக் கூடாது என்று சொன்ன தீர்ப்பு. நாற்பது வரி உத்தரவு என்றாலும் இந்த வழக்கின் பெயர் அதில் இருக்கும். அதன் பின்கதையைப் படித்தபோதுதான் எனக்கு ஒரு மாதிரி ஆகிவிட்டது. ஷில்பி போஸும் மற்றவர்களும் தொடக்கப்பள்ளி ஆசிரியைகள். கணவர் வேலை பார்க்கிற ஊருக்கு மாறுதல் கேட்டு வாங்கியவர்கள். அவர்கள் வந்ததால் இடம் பறிபோன ஆசிரியர்கள்தான் வழக்குப் போட்டு உயர் நீதிமன்றத்தில் ஜெயித்தார்கள், உச்ச நீதிமன்றம் அதை ரத்து செய்து ஆசிரியைகளின் மாறுதலைக் காப்பாற்றியது. குடும்பத்தோடு சேர்ந்து இருக்கப் போராடிய பெண்களுக்குக் கிடைத்த தீர்ப்பு, இன்று குடும்பத்தைப் பிரிக்கிற ஆணைகளுக்குக் கவசமாக நிற்கிறது.

அடுத்தது 1993இல் வந்த அப்பாஸ் வழக்கு. ஷில்லாங்கில் இந்தியத் தாவரவியல் ஆய்வு நிறுவனத்தில் தோட்டப் பாதுகாவலராக இருந்தவரை உத்தரப் பிரதேச மலைப்பகுதியில் இருந்த பௌரிக்கு மாற்றினார்கள். மனைவிக்கும் ஷில்லாங்கில்தான் வேலை, பிள்ளைகள் படிப்பும் அங்கேதான். கணவன் மனைவியை முடிந்தவரை ஒரே இடத்தில் வைக்க வேண்டும் என்று அரசின் வழிகாட்டு நெறியே இருக்கிறது. மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம் அவர் பக்கம் நின்றது. உச்ச நீதிமன்றம் ஒத்துக்கொள்ளவில்லை. யாரை எங்கே போடுவது என்பது நிர்வாகத்தின் வேலை, வழிகாட்டு நெறியை மனதில் வைக்க வேண்டும்தான், ஆனால் அதை வைத்து உரிமை என்று கேட்க முடியாது. வழிகாட்டு நெறிக்கும் விதிக்கும் இருக்கிற இந்த வித்தியாசத்தில்தான் நம் ஆட்கள் பாதிப் பேர் விழுகிறார்கள். மாறுதல் பற்றிய அரசாணையைக் கையில் வைத்துக்கொண்டு, ஏப்ரல், மே தவிர மற்ற மாதங்களில் மாற்றக் கூடாது என்று இருக்கிறதே, மூன்று வருடம் ஆகவில்லையே என்று வருகிறார்கள். அதெல்லாம் நெறிமுறை. அதை மீறினால் மேலதிகாரிக்கு ஒரு மனு கொடுக்கலாம், கோர்ட்டில் அதை மட்டும் வைத்து நிற்பது கஷ்டம்.

2022இல் சுங்கம், மத்திய கலால் துறை ஊழியர்கள் சம்பந்தப்பட்ட நௌஷத் ரஹமான் வழக்கில் உச்ச நீதிமன்றம் கொஞ்சம் இறங்கிப் பேசியது. மாறுதல் கொள்கையை ரத்து செய்யவில்லை, ஆனால் கணவன் மனைவி ஒரே இடத்தில் பணிபுரிவது, மாற்றுத்திறனாளிகளின் நிலை இவற்றையெல்லாம் கணக்கில் எடுத்துக் கொள்கையை மறுபடி பரிசீலியுங்கள் என்றது. குடும்ப வாழ்க்கையும் அரசியல் சாசனம் காக்க வேண்டிய ஒன்று என்ற எண்ணம் அதில் இருக்கிறது. எனக்கு அது பெரிய ஆறுதல். ஆனால் முடிவெடுக்கிற இடம் அப்போதும் துறையின் கையில்தான்.

விதி மீறல் என்பது எனக்கு இல்லை. அதிகாரம் உள்ளவர்தான் கையெழுத்துப் போட்டிருந்தார். மாவட்ட அளவில் பணிமூப்பு வைத்திருக்கிற பதவியில் இருப்பவரை அந்த அலகுக்கு வெளியே தூக்கிப் போட்டால் பணிமூப்பு அடிபடும், அப்போது வாதத்துக்கு நல்ல இடம் கிடைக்கும், உங்களுக்கு அப்படி இருந்தால் வக்கீலிடம் மறக்காமல் சொல்லுங்கள். எங்கள் துறையில் அலகு பெரியது, அதனால் அந்த வழியும் அடைப்பு.

மிச்சம் உள்நோக்கம். அதற்கு மேற்கோள் காட்டுகிற வழக்கு நம் ஊருடையது, ராயப்பா எதிர் தமிழ்நாடு அரசு. தலைமைச் செயலாளராக இருந்தவரைத் திட்டக்குழுத் துணைத் தலைவராகவும் பிறகு தனி அலுவலராகவும் மாற்றினார்கள், அப்போதைய முதலமைச்சர் கருணாநிதியின் உள்நோக்கம்தான் காரணம் என்று சொல்லி அவர் உச்ச நீதிமன்றம் போனார். 1973 நவம்பரில் தீர்ப்பு. தன்னிச்சையாக நடப்பதே சமத்துவத்துக்கு எதிரானது என்ற பெரிய கொள்கை இந்தியச் சட்டத்துக்குள் வந்தது அந்த வழக்கில்தான். ஆனால் ராயப்பா தோற்றார். உள்நோக்கம் என்று சொல்கிறவர் அதை நிரூபிக்க வேண்டும், அந்தச் சுமை மிகவும் கனமானது என்று அதே தீர்ப்பில் இருக்கிறது. மாநிலத்தின் தலைமைச் செயலாளரால் தூக்க முடியாத சுமையை ஒரு கணக்குப் பிரிவு உதவியாளர் எப்படித் தூக்குவது? தவிர, உள்நோக்கம் என்று எழுதினால் அந்த அதிகாரியைப் பெயர் சொல்லி எதிர்மனுதாரராகச் சேர்க்க வேண்டும். நாளைக்கு அவரிடமே வேலை பார்க்க வேண்டியிருக்கும்.

எனக்கு வழி கிடைத்தது சோமேஷ் திவாரி வழக்கில். 2008 டிசம்பர். போபாலில் மத்திய கலால் அதிகாரி, அவர்மேல் ஒரு மொட்டைக் கடிதம், விசாரித்ததில் ஒன்றும் இல்லை, இருந்தும் ஷில்லாங்குக்கு மாற்றிவிட்டார்கள். தண்டனை கொடுக்க வேண்டிய இடத்தில் அதற்குப் பதிலாக மாறுதல் கொடுத்தால் அது சட்டவிரோதம் என்றது உச்ச நீதிமன்றம். இங்கே யாருடைய கெட்ட எண்ணத்தையும் நிரூபிக்க வேண்டியதில்லை, ஆணைக்கு உண்மையான காரணம் புகார்தான் என்று காட்டினால் போதும். ஆனால் என் ஆணையில் புகார் என்ற வார்த்தையே இல்லையே. நிர்வாக நலன் கருதி என்ற வரிதான் இருக்கிறது. அதற்குப் பின்னால் இருக்கிற கோப்பை வெளியே கொண்டுவர வேண்டும்.

வக்கீல் மேடம் சொன்னபடி தகவல் உரிமைச் சட்டத்தில் மனு போட்டேன். மாறுதல் ஆணையின் நகல் கேட்காதீர்கள், அது உங்களிடமே இருக்கிறது, அந்தக் கோப்பின் குறிப்புப் பக்கங்களின் நகலைக் கேளுங்கள் என்றார்கள். முப்பது நாள் கெடு. இருபத்தெட்டாவது நாள் பதிவுத் தபாலில் ஒரு கவர் வந்தது. நான் அந்த ஊரில் ஒரு பெண்கள் விடுதியில் தங்கியிருந்தேன், மாடிப்படியில் நின்றே பிரித்தேன். இரண்டு பக்கம். இரண்டாவது பக்கத்தின் நடுவில் இப்படி ஒரு வரி: "மேற்படி உதவியாளர் மீதான புகார் குறித்து விளக்கம் கோரினால் காலதாமதம் ஏற்படும் என்பதால் நிர்வாக நலன் கருதி உடனடியாக மாறுதல் செய்யலாம்." என்னிடம் விளக்கம் கேட்டால் நேரமாகும். அதனால் கேட்கவில்லை. அந்த வரியைப் படித்துவிட்டு எவ்வளவு நேரம் படியிலேயே உட்கார்ந்திருந்தேன் என்று தெரியவில்லை, கீழ் அறைப் பெண் வந்து டீ குடிக்கிறீர்களா அக்கா என்று கேட்டபோதுதான் எழுந்தேன்.

இரண்டாவது காகிதத்தை அவர்களே கொடுத்தார்கள். பிப்ரவரியில் துறை தாக்கல் செய்த கவுண்டரில், அதாவது என் வழக்குக்கான பதில் மனுவில், "மனுதாரர் மீது புகார்கள் பெறப்பட்டதன் அடிப்படையில்" மாறுதல் செய்ததாக எழுதியிருந்தது. என்னைக் கெட்டவளாகக் காட்ட எழுதிய வரி. அதுதான் வழக்கை எனக்கு ஜெயித்துக் கொடுத்தது.

வழக்கு நாட்கள் பற்றி அதிகம் சொல்ல ஒன்றும் இல்லை. முந்தின நாள் சாயங்காலம் காஸ் லிஸ்ட் (மறுநாள் விசாரணைக்கு வருகிற வழக்குகளின் பட்டியல்) பார்ப்பது, இரவு பஸ் ஏறி மாட்டுத்தாவணியில் இறங்குவது, உலகனேரி கோர்ட்டில் யானைமலை தெரிகிற பக்கமாக நின்று காத்திருப்பது, வழக்கு எடுக்கப்படாமலே திரும்புவது. ஒவ்வொரு தடவையும் ஒரு நாள் தற்செயல் விடுப்பு. ஜூனில் கடைசி விசாரணை பத்து நிமிடம்கூட இல்லை. நீதிபதி கவுண்டரின் அந்தப் பத்தியைப் படித்துவிட்டு, புகார் இருந்தால் விளக்கம் கேட்டீர்களா என்று அரசுத் தரப்பைக் கேட்டார். இல்லை என்பதைத் தவிர அவர்களுக்குச் சொல்ல வழியில்லை. மாறுதல் ஆணை ரத்து, துறை விரும்பினால் புகாரின்மேல் விதிப்படி நடவடிக்கை எடுத்துக்கொள்ளலாம். இன்றுவரை ஒரு மெமோகூட வரவில்லை.

அதற்குள் மகன் பத்தாம் வகுப்பு எழுதி முடித்துவிட்டான். மாமியாரை அந்த ஏழு மாதமும் என் வீட்டுக்காரர் சம்பளம் பிடித்தாலும் பரவாயில்லை என்று விடுப்பு எடுத்துக் கூட்டிக்கொண்டு போனார். ஜெயித்த பிறகு அந்த மாதங்களை யாரும் திருப்பித் தரப் போவதில்லை.

நீதிமன்றங்கள் ஏன் இவ்வளவு இறுக்கமாக இருக்கின்றன என்பதும் எனக்குப் புரிகிறது. மலைக்கிராமத்து ஆரம்ப சுகாதார நிலையத்துக்கும் கடைக்கோடிப் பள்ளிக்கும் யாராவது போய்த்தான் ஆக வேண்டும். கஷ்டம் சொல்கிற எல்லாருக்கும் தடை கொடுத்தால் அங்கெல்லாம் நாற்காலி காலியாகத்தான் கிடக்கும். மாறுதல் வேண்டாம் என்று நான் சொல்லவில்லை. காரணத்தை எழுதுங்கள் என்கிறேன். மகாராஷ்டிரத்தில் இதற்கென்றே 2005ஆம் ஆண்டுச் சட்டம் ஒன்று 2006 முதல் நடைமுறையில் இருக்கிறது. ஒரு இடத்தில் சாதாரணமாக மூன்று வருடம், அதற்கு முன்னால் மாற்ற வேண்டுமென்றால் எழுத்தில் காரணம், அதற்கு மேலதிகாரியின் முன் ஒப்புதல். அங்கே ஊழியர் கோர்ட்டுக்குப் போனால் சட்டத்தின் பிரிவைக் காட்டி வாதாடலாம். தமிழ்நாட்டில் நாம் அரசாணையையும் நெறிமுறையையும்தான் காட்ட முடிகிறது. முன்னாள் அமைச்சரவைச் செயலர் டி.எஸ்.ஆர். சுப்பிரமணியனும் ஓய்வு பெற்ற மற்ற அதிகாரிகளுமாக 83 பேர் போட்ட வழக்கில் 2013இல் உச்ச நீதிமன்றம் குறைந்தபட்சப் பதவிக்காலமும் குடிமைப் பணிகள் வாரியமும் வேண்டும் என்றது, 2014 தொடக்கத்தில் ஐஏஎஸ் அதிகாரிகளுக்கு இரண்டு வருடம் என்று விதி திருத்தம் வந்தது. கிராம நிர்வாக அலுவலருக்கும், செவிலியருக்கும், என்னை மாதிரி உதவியாளருக்கும் அப்படி ஒன்று வரவில்லை.

நமக்கென்று ஒரு தீர்ப்பாயம்கூட இப்போது கிடையாது. 1988இல் தொடங்கிய தமிழ்நாடு நிர்வாகத் தீர்ப்பாயம் 2006இல் மூடப்பட்டது. மத்திய அரசு ஊழியருக்கு மத்திய நிர்வாகத் தீர்ப்பாயம் இருக்கிறது, நமக்கு நேராக உயர் நீதிமன்றம்தான். பல மனுக்கள், மேலதிகாரியிடம் கொடுத்த மனுவை இத்தனை வாரத்துக்குள் பரிசீலியுங்கள் என்ற ஒரு வரி உத்தரவோடு முடிந்துவிடும். மாற்றியவரே பரிசீலித்து, மாற்றியது சரிதான் என்று பதில் எழுதுவார். இதை வெற்றி என்று வாட்ஸ்அப்பில் போடுகிறவர்களைப் பார்த்தால் எனக்கு வருத்தமாக இருக்கிறது, அதை நம்பி இன்னும் நாலு பேர் காசைச் செலவழிக்கிறார்கள்.

போன வாரம் ஒரு கிராம சுகாதார செவிலியர் கூப்பிட்டார். வயது முப்பதுகூட இருக்காது, பின்னால் குழந்தை அழுகிற சத்தம் கேட்டது. வெள்ளிக்கிழமை சாயங்காலம் ஆணை, அன்றே விடுவிப்பு. "மெடிக்கல் லீவு போட்டுடட்டுமா அக்கா?" என்றார். திங்கட்கிழமை காலை போய்ச் சேர்ந்துவிடம்மா என்றேன், அண்ணன் எனக்குச் சொன்ன அதே குரலில் சொல்ல முயன்றேன். ஆணைக்கு முன்னால் உன்மேல் யாராவது புகார் கொடுத்தார்களா என்று கேட்டேன். கொஞ்ச நேரம் சத்தமில்லை. அப்புறம், "ஒண்ணு இருக்குன்னு சொன்னாங்க அக்கா, என்கிட்ட யாரும் கேக்கல" என்றார். ஒரு பேப்பரும் பேனாவும் எடுத்துக்கொள்ளச் சொல்லி, தகவல் உரிமை மனுவில் எழுத வேண்டிய வரியை மெதுவாகச் சொல்ல ஆரம்பித்தேன்.